"மற்றும் பலர்"னா யாரு சார்?

ஆசிரியர் சாருக்கு வணக்கம்.

போன ஞாயித்துக்கிழமை உங்க சினிமா பக்கத்துல பழைய ஸ்டில் ஒண்ணு போட்டிருந்தீங்க. எம்.ஜி.ஆர். கைய ஓங்கிகினு நிக்கறாரு, எதிர்ல நாலு பேரு, ஒருத்தர் மல்லாந்து கெடக்கறாரு. கீழ எழுதியிருந்தது "சண்டைக் காட்சியில் எம்.ஜி.ஆர். மற்றும் பலர்". பழைய பஸ் ஸ்டாண்டு கிட்ட டீக்கடைல அத பாத்துட்டு எனக்கு டீ எறங்கல. மல்லாந்து கெடக்கற அந்த குண்டான ஆளு பேரு குண்டுமணி சார், பேர்லயே குண்டு இருக்குது, எப்பிடி மறந்தீங்க? அவருக்குப் பின்னால முறைச்சிகினு நிக்கறவரு ஜஸ்டின். நேஷனல் தியேட்டர்ல தரை டிக்கெட்டுல உக்காந்து படம் பாத்த எந்த வேலூர்காரன கேட்டாலும் சொல்லுவான்.

இதுக்குப் போயி ஒரு லெட்டரான்னு நீங்க கேக்கலாம், என் வீட்டுக்காரியும் அதத்தான் கேட்டா. ஆனா எனக்கு இந்த "மற்றும் பலர்" மேல ஒரு பழைய கோவம் இருக்குது, அது வந்தது எம்.ஜி.ஆர். படத்துலேர்ந்து இல்ல, பிலிப்பைன்ஸ் படத்துலேர்ந்து. சிரிக்காதீங்க, நெசமா தான் சொல்றேன்.

நான் கஸ்பாக்காரன். 1988லேர்ந்து 1996 வரைக்கும் சவூதில ஜுபைல்ல ஏசி டக்ட் போடற வேலை. கேம்ப்ல ஒரு ரூமுக்கு ஆறு பேரு, நானு, வாணியம்பாடிக்காரர் ஒருத்தர், ஒரு மலையாளி, மிச்சம் மூணு பேரு பிலிப்பைனிங்க. அப்போ சவூதில சினிமா கொட்டாயே கெடயாது, 2018ல தான் திரும்ப தொறந்தாங்க, அதனால ஆறு பேரும் காசு போட்டு ஒரு வீசிஆர் வாங்கி வெச்சிருந்தோம். ஒரு வெள்ளிக்கிழமை எங்க படம், அடுத்த வெள்ளிக்கிழமை அவங்க படம். மணிலாவுக்கு லீவுல போயிட்டு வர்றவன் பெட்டில துணிமணிய விட கேசட்டு தான் ஜாஸ்தி இருக்கும். அவங்க படம் ஓடற அன்னிக்கி "தூயோ"ன்னு ஒரு கருவாட்ட வறுப்பானுங்க பாருங்க, மலையாளி மூக்க பொத்திகினு வெளிய ஓடுவான், நானும் வாணியம்பாடிக்காரரும் தட்ட எடுத்துகினு உள்ள போவோம்.

பாஷை ஒண்ணும் புரியாது. ஆனா சண்டைப் படத்துக்கு பாஷை எதுக்கு? பொண்ண தூக்கிகினு போறான், நெலத்த புடுங்கறான், போலீஸ்காரன் துட்டு வாங்கறான், ஹீரோ பொறுத்து பொறுத்து கடைசில அடிக்கறாரு, நம்ப படம் தான். அவங்க பாஷைல ஹீரோவுக்கு "பீடா"ன்னு பேரு. அத கேட்டுட்டு எங்களுக்கு சிரிப்பு தாங்கல, வெத்தல பாக்கு போட்டுக்கவான்னு கேட்டோம். வில்லனுக்கு "கொந்த்ரபீடா". வில்லன் கூட சுத்தற அடியாளுங்களுக்கு இங்கிலீஷ்லயே கூன்ஸ்.

பீடால பெரிய பீடா ஃபெர்னாண்டோ போ ஜூனியர். எஃப்.பி.ஜே.ன்னு மூணு எழுத்து, அங்க அவர ராஜான்னே கூப்பிடுவாங்க. ஏழைங்க பக்கம் நிக்கறவரு, அம்மா பேச்ச தட்டாதவரு, அப்பறம் அரசியல். 2004ல ஜனாதிபதி எலக்ஷன்ல நின்னு தோத்தாரு, அதே வருஷம் டிசம்பர்ல போய் சேந்தாரு, ஊரே ரோட்டுல நின்னுதாம். அவருக்கு முன்னாடியே இன்னொரு சண்டை நடிகர் ஜோசப் எஸ்ட்ராடா 1998ல ஜனாதிபதி ஆயி 2001ல எறக்கப்பட்டாரு. லீட்டோ லாபிட்னு ஒருத்தரு, ஸ்டண்ட்மேனா குதிச்சிகினு இருந்தவரு, ஹீரோ ஆயி, கவர்னர் ஆயி, செனட்டர் ஆயிட்டாரு. நாம தான் சினிமாக்காரங்கள தலைல தூக்கி வெச்சிக்கறோம்னு நெனச்சிகினு இருக்கோம், இல்ல சார், துணைக்கு ஆளு இருக்குது.

ஆனா எங்க ரூம்ல ஒருத்தன் மட்டும் எஃப்.பி.ஜே.வுக்கு கை தட்ட மாட்டான். வெல்டரு, நாப்பத்தஞ்சு வயசு, பிக்கோல்ங்கற பக்கத்து ஆளு. மத்த ரெண்டு பேரும் ஹீரோ வந்தா விசிலு, இவன் கருவாட்ட கடிச்சிகினு சும்மா உக்காந்திருப்பான். அப்பறம் ஒருத்தரு வருவாரு, நல்ல சட்டை, வாரி விட்ட முடி, கோவமே படாத மூஞ்சி, சத்தமே போடாத பேச்சு. உடனே இவன் நிமிந்து உக்காருவான். "எங்க ஊர் ஆளு, மனோய்"ம்பான். மனோய்னா அவங்க பக்கத்துல அண்ணன்னு அர்த்தம், அந்த வில்லன் நடிகரு பேரு எட்டி கார்சியா, அவர அந்த நாடே அப்பிடித்தான் கூப்பிடும். கேம்ப்ல இந்த வெல்டரையும் நாங்க மனோய்னு தான் கூப்பிடுவோம், அதுல அவனுக்கு அவ்ளோ பெரும.

அவன் வாயால கேட்டது, அப்பறம் நானே தேடித் தேடி படிச்சது எல்லாத்தையும் சேத்து சொல்றேன். எட்டி கார்சியா 1929ல அதே பிக்கோல் பக்கம் சொர்சோகோன் மாகாணத்துல பொறந்தவரு. சினிமாவுக்கு வர்றதுக்கு முன்னாடி பட்டாளத்துல இருந்தாரு, ரெண்டாம் உலகப் போர் முடிஞ்ச கையோட ஒகினாவால மிலிட்டரி போலீஸ் வேலை. ஊருக்கு வந்தவரு சினிமால நொழஞ்சது 1949 வாக்குல. அம்பதுகள்ல சம்பகீத்தா பிக்சர்ஸ்ங்கற கம்பெனில இருந்தாரு, சம்பகீத்தான்னா வேற ஒண்ணுமில்ல, நம்ப குண்டுமல்லி. மல்லிப்பூ பேரு வெச்ச கம்பெனில இவருக்கு வேலை அடி வாங்கறது, பொண்ண கெடுக்கறது, கடைசி ரீல்ல சாவறது. அப்பிடியே எழுவது வருஷம் சார். படம், டிவி எல்லாம் சேத்து 600க்கு மேலன்னு கணக்கு சொல்றாங்க.

அங்க ஃபாமாஸ்னு ஒரு சினிமா அவார்டு, அம்பதுகள்லேர்ந்து குடுத்துகினு வர்றாங்க. ஒரே பிரிவுல அஞ்சு தடவ ஜெயிச்சா "இனிமே நீ போட்டிக்கு வராத ராசா, உனக்கு நிரந்தர எடம்"னு மேடைல ஏத்தி ஒதுக்கிடுவாங்க. எட்டி கார்சியாவ துணை நடிகர் பிரிவுல அப்பிடி ஒதுக்குனாங்க. ஹீரோவாவும் நடிச்சாரு, அதுலயும் ஒதுக்குனாங்க. டைரக்டரும் ஆனாரு, 1978ல வீட்டு வேலைக்காரி கதை ஒண்ணு எடுத்தாரு, நோரா ஔனோர் நடிச்சது. டைரக்ஷன் பிரிவுலயும் ஒதுக்கிட்டாங்க. மூணு பிரிவுலயும் போட்டி போட முடியாத ஆளு! வெல்டரு இந்த அவார்டு கதைய சொல்றப்போ வெரல நீட்டி எண்ணிக் காட்டுவான், கருவாட்டு எண்ணெ மினுமினுன்னு இருக்கும் அந்த வெரல்ல.

இன்னொண்ணும் சொல்லணும். 1971ல லீனோ ப்ரோக்கா டைரக்ட் பண்ண ஒரு படத்துல, பொண்டாட்டி புள்ளைங்கள வெச்சிகினு, ஆம்பளைங்க மேல இருக்கற ஆசைய வெளிய சொல்ல முடியாம தவிக்கற ஒரு பணக்காரரா நடிச்சாரு. முறுக்கிகினு நிக்கற வில்லன் நடிகரு, 1971ல. அந்த தைரியம் எந்த ஹீரோவுக்கு வரும்? ஹீரோவுக்கு இமேஜுன்னு ஒரு கண்ணாடி டம்ளர் இருக்குது, வில்லனுக்கு அலுமினிய லோட்டா, கீழ போட்டாலும் ஒண்ணும் ஆவாது. 80 வயசு தாண்டி 2012ல நாயோட தனியா இருக்கற ஒரு கெழவனா ஹீரோ வேஷம் கட்டினாரு, அதுக்கு அடுத்த வருஷம் ஹாங்காங்ல ஏஷியன் ஃபிலிம் அவார்ட்ஸ்ல சிறந்த நடிகரு.

நாங்க அதிகமா பாத்த கேசட்டு 1987ல வந்த எஃப்.பி.ஜே. படம் ஒண்ணு. பேரு "காப்பாக் புனோ நா அங் சாலோப்". அதுல எட்டி கார்சியா ஜட்ஜு, கோர்ட்டுல நியாயம் பேசிட்டு வெளிய வந்து எல்லா அக்கிரமமும் பண்றவரு. ஏன் அதிகமா பாத்தோம்னா 1991 ஜனவரி, பிப்ரவரில வளைகுடாப் போர், சதாமு ஸ்கட் ஏவுகணை விட்டுகினு இருந்தாரு, சைரன் ஊதும், வெளிய போவ முடியாது, கைல இருந்தது நாலு கேசட்டு, அதுல ரெண்டுல பூஞ்சை. அந்த தலைப்புக்கு இன்னா அர்த்தம்னு கேட்டேன். வெல்டரு தன்னோட பிளாஸ்டிக் டப்பாவுல அரிசிய கும்பாரமா கொட்டி, ஸ்கேல் எடுத்து மேல தேச்சி வழிச்சி விட்டான். எனக்கு உடனே புரிஞ்சிடுச்சி. எங்க தாத்தா மண்டில நெல்லு அளந்தவரு. படி ரொம்புச்சின்னா தலை தட்டணும்! சாலோப்னா படி சார். அக்கிரமம் படி ரொம்பிப் போச்சி, தலை தட்டற நேரம் வந்துடுச்சின்னு ஹீரோ சொல்றாரு. எங்கயோ கடலுக்கு அந்தப் பக்கம் இருக்கறவன் ஆற்காட்டு மண்டி பேச்சு பேசறான்னு நானும் வாணியம்பாடிக்காரரும் சைரன் சத்தத்துலயும் சிரிச்சோம்.

அந்த ராத்திரில தான் அடி வாங்கறது எப்பிடின்னு அவன் எனக்கு சொல்லிக் குடுத்தான். அவன் ஊர்ல சின்ன வயசுல ஏதோ ஷூட்டிங்ல கூட்டத்துல நின்னிருக்கான் போல. கட்டில ஓரமா தள்ளிட்டு என்ன நடுவுல நிக்க வெச்சான். எஃப்.பி.ஜே. குத்து ஒரு தனி தினுசு, கிட்ட வந்து வயித்துல தடதடன்னு மிஷின் மாதிரி குத்துவாரு, கண்ணு எண்ண முடியாது. அதுல நடிப்பு யாருதுன்னு கேட்டான். நான் ஹீரோதுன்னேன். இல்லடா, வயிறு உள்ள போவுது பாரு, ஒவ்வொரு குத்துக்கும் தனித்தனியா, தோளு குலுங்குது, மூச்சு வாயால வெளிய வருது, அது குத்து வாங்கறவனோட வேலை, அவன் சும்மா நின்னா ஹீரோ தபேலா வாசிக்கற மாதிரி இருக்கும்னான். மூஞ்சில விடற குத்துக்கு கை நாலு வெரல் தூரத்துல நின்னுடும், கேமராவுக்கு அது தெரியாது, ஆனா கழுத்து சரியான நேரத்துல திரும்பணும். சீக்கிரம் திரும்பிட்டா படம் பாக்கறவன் சிரிப்பான். லேட்டா திரும்பினா... நான் லேட்டா திரும்பினேன். ஒதடு கிழிஞ்சிடுச்சி. மலையாளி டெட்டால் எடுத்துகினு வந்தான், வெல்டரு காலு மேல விழாத குறை. மறுநாள் ஃபோர்மேன் கேட்டாரு, டக்ட் மூடி இடிச்சிடுச்சின்னு சொல்லிட்டேன்.

அன்னிலேர்ந்து நான் எந்த சண்டைப் படம் பாத்தாலும் ஹீரோவ பாக்கறதில்ல சார், பழக்கமே போயிடுச்சி. அடி வாங்கறவன் கழுத்த தான் பாப்பேன்.

அப்பிடி பாத்ததுல எனக்கு ரொம்ப புடிச்சவரு பாக்கீத்தோ தியாஸ். தடி மீசை, பெரிய ஒடம்பு, வந்து நின்னாலே வம்பு வரப்போவுதுன்னு தெரியும். அவரு தம்பி ரோமி தியாஸும் வில்லன், புள்ள ஜோக்கோவும் நடிகரு, குடும்பமே சண்டைக் குடும்பம். அப்பறம் காமெடிப் படத்துலயும் அதே முறைப்ப வெச்சிகினு சிரிக்க வெச்சாரு, இது சாதாரண வேலை இல்ல, நம்ப ஊர்ல எத்தன வில்லனுங்க காமெடிக்கு மாறி ஜெயிச்சாங்கன்னு பாத்தா தெரியும். மாக்ஸ் அல்வராடோன்னு இன்னொருத்தரு, 1980ல வந்த "அங் பாந்தாய்"ல லிசார்தோங்கற கொடுங்கோலன். ஹீரோ கொல்லரு, வானத்துலேர்ந்து விழுந்த கல்ல உருக்கி குத்துவாள் அடிக்கறாரு, வானத்த பாத்து தூக்கினா அது பெரிய வாளா மாறுது. அந்தப் படத்துல ஹீரோ இல்லாத நேரத்துலயும் பயந்துகினே உக்காந்திருந்தோம்னா அது மாக்ஸ் அல்வராடோவால. 1997ல அவரு போனாரு. பாக்கீத்தோ பக்கவாதம் வந்து படுத்து 2011 மார்ச்ல போனாரு, 73 வயசு. அந்த சேதி எனக்கு ரொம்ப நாள் கழிச்சி தான் தெரிஞ்சுது.

எட்டி கார்சியா சேதி உடனே தெரிஞ்சுது. எங்க அக்கா பையன் பிலிப்பைன்ஸ்ல டாவோங்கற ஊர்ல டாக்டருக்குப் படிச்சிகினு இருந்தான், நம்ப பக்கத்து புள்ளைங்க நெறைய பேரு அங்க தான படிக்கறாங்க. 2019 ஜூன்ல வாட்ஸப்புல அனுப்பினான், "மாமா உங்க வில்லன் தாத்தா கீழ விழுந்துட்டாரு"ன்னு. ஜூன் 8ம் தேதி, மணிலால தோந்தோங்கற எடத்துல ஒரு டிவி சீரியல் ஷூட்டிங். 90 வயசு மனுஷன், துப்பாக்கி புடிச்சிகினு வர்ற சீன். தரைல கெடந்த கேபிள்ல காலு மாட்டி தடுக்கி விழுந்தாரு. கழுத்தெலும்பு போச்சி. ஸ்பாட்ல ஆம்புலன்ஸ் கெடயாது. டாக்ஸில தூக்கிகினு போனாங்களாம். கோமாவுல இருந்து ஜூன் 20 அன்னிக்கி உயிரு போச்சி.

எழுவது வருஷமா எத்தன ஆயிரம் தடவ விழுந்திருப்பாரு, மாடிலேர்ந்து, குதிரைலேர்ந்து, குண்டடி பட்டு, கத்தி குத்து பட்டு. ஒரு தடவயும் ஒண்ணும் ஆவல. ஒரு ஒயரு.

ஆனா அந்த நாட்டுக்காரங்க அதோட விட்டுடல சார், இத கவனமா படிங்க. அவரு சாவு பெரிய பேச்சாயி, அஞ்சு வருஷம் இழுத்து, 2024 மே மாசம் ஒரு சட்டம் கையெழுத்தாச்சி. சினிமா, டிவில வேலை செய்யறவங்களுக்கு ஒரு நாளைக்கு எட்டு மணி நேரம், நீட்டினாலும் சாப்பாட்டு நேரம் போவ 14 மணிக்கு மேல கூடாது, வாரத்துக்கு 60 மணிக்கு மேல கூடாது, ஸ்பாட்ல பாதுகாப்பு ஏற்பாடு இருக்கணும். லைட்டு தூக்கறவன்லேர்ந்து அடியாளா நிக்கறவன் வரைக்கும். அந்த சட்டத்துக்கு பேரே எட்டி கார்சியா சட்டம். ஜனாதிபதி ஆன ஹீரோ பேரு இல்ல, ராஜான்னு கூப்பிட்ட ஹீரோ பேரு இல்ல. ஜட்ஜு வேஷம் போட்டு அக்கிரமம் பண்ண கொந்த்ரபீடா பேரு சார்!

இப்போ நம்ப பக்கம் வாங்க. 2025 ஜூலைல நாகப்பட்டினம் பக்கத்துல ஒரு ஷூட்டிங்ல கார் பறக்கற ஸ்டண்ட் பண்ணப்போ ஒருத்தர் செத்தாரு. உங்க பேப்பர்ல தலைப்பு இன்னா தெரியுமா, "படப்பிடிப்பில் ஸ்டண்ட் கலைஞர் பலி". கீழ டைரக்டரு பேரு, ஹீரோ பேரு, அப்பறம் தான் செத்தவரு பேரு. செத்தவரு எஸ்.எம்.ராஜு. அந்த வீடியோவ நானும் பாத்தேன், பாத்திருக்கக் கூடாது, ஆனா பாத்தேன். நாலு நாள் தூக்கம் வரல. காரு பல்டி அடிக்கறதுல அந்த மனுஷன் எத்தன வருஷ பழக்கக்காரருன்னு நம்ப ஜனங்களுக்கு அன்னிக்கி தான் தெரிஞ்சுது. உயிரோட இருந்தப்போ அவரும் "மற்றும் பலர்" தான்.

நான் சட்டம் போடுங்கன்னு உங்கள கேக்கல, பேப்பர்காரங்க சட்டம் போட முடியாது. உங்களால முடிஞ்சது ஒண்ணே ஒண்ணு, போட்டோவுக்கு கீழ பேரு போடறது. எடம் இல்லன்னு சொல்லாதீங்க, அன்னிக்கி அதே பக்கத்துல ஒரு ஹீரோவோட நாய்க்குட்டிக்கு பேரு போட்டிருந்தீங்க, ரெண்டு எடத்துல. நாய் மேல எனக்கு ஒண்ணும் கோவம் இல்ல.

வெல்டரு 1994ல ஊருக்குப் போனவன் திரும்பி வரல, லெட்டரு ரெண்டு வந்துது, அப்பறம் நின்னுடுச்சி. வீசிஆரு எனக்கு வந்துது, மத்தவங்க பங்குக்கு காசு குடுத்துட்டு கொண்டாந்தேன். நம்ப வேலூர் சைதாப்பேட்டைல நான் வெச்சிருக்கற மிக்ஸி ரிப்பேர் கடைல இன்னும் பரண் மேல இருக்குது, உள்ள ஒரு கேசட்டு மாட்டிகினு. எடுத்தா டேப்பு அறுந்துடும்னு எடுக்கல.

சரி, விஷயத்துக்கு வர்றேன். அந்த ஸ்டில்லுக்கு திருத்தம் போடுங்க. கீழ கெடக்கறவரு குண்டுமணி, பின்னால ஜஸ்டின். வலது ஓரத்துல பாதி மூஞ்சி தான் தெரியுது, அவர விட்டுடலாம், யாராலயும் சொல்ல முடியாது. ஆனா நடுவுல கோடு போட்ட பனியன் போட்டுகினு, கழுத்துல கர்ச்சீப் கட்டிகினு ஒருத்தரு நிக்கறாரு பாருங்க, கழுத்து அப்போ தான் திரும்ப ஆரம்பிச்சிருக்குது, எம்.ஜி.ஆர். கை இன்னும் நாலு வெரல் தூரத்துல இருக்குது, அவ்ளோ கரெக்டு. அவரு பேரு எனக்குத் தெரியல சார். ராஜா தியேட்டர்ல ஆப்பரேட்டரா இருந்த ஒரு பெரியவர கேட்டேன், மூஞ்சி நல்லா ஞாபகம் இருக்குது, ஏகப்பட்ட படத்துல வருவாரு, பேரு வரமாட்டேங்குதுன்னாரு. ஸ்டில்ல திரும்ப ஒரு தடவ, கொஞ்சம் பெருசா போட்டீங்கன்னா, பாக்கறவங்கள்ல யாராச்சும் அவரு யாருன்னு எழுதுவாங்க.

இப்படிக்கு,
பழைய ஜுபைல்காரன்,
கஸ்பா, வேலூர்.